காலிப் பெட்டியின் சத்தம்

கேமரா பிடிப்பதைப் பற்றி என்னிடம் கற்றுக்கொள்ள உங்களுக்கு ஒன்றும் இல்லை. உங்கள் கையில் இருக்கும் கருவிகளைப் பார்த்தால் எதைத் திருகினால் எது அசையும் என்று எனக்கே புரிவதில்லை. அதனால் லென்ஸ், வெளிச்சம், கோணம் எல்லாவற்றையும் உங்கள் புத்தகங்களுக்கே விட்டுவிடுகிறேன். நான் சொல்லப் போவது எந்தப் புத்தகத்திலும் போட வெட்கப்படுகிற சங்கதி. ஃபிலிம் இல்லாத கேமராவை எப்படி ஓட்டுவது என்பது.

சிரிக்காதீர்கள். டாக்குமெண்டரி யூனிட்டில் சேர்ந்த முதல் வருஷம் என்னுடைய முழு நேர வேலையே அதுதான்.

அது யுத்த காலம். ஃபிலிம் கப்பலில் வர வேண்டும், கப்பல் வந்தால்தானே? ஒவ்வொரு அடிக்கும் மேலே பதில் சொல்ல வேண்டும். நூறடிச் சுருள் ஒன்று ஒரு நிமிஷத்துக்குக் கொஞ்சம் கூடுதலாக ஓடும், அவ்வளவுதான். எங்கள் யூனிட்டின் வேலை, பட்டாளத்துக்குப் போன நம் பக்கத்து ஆட்களுக்கு அவர்கள் ஊரையே படம் பிடித்து அனுப்புவது. எங்கோ பாலைவனத்தில் கூடாரத்துக்கு முன்னால் திரை கட்டிக் காட்டுவார்கள். மழை பெய்தது, பருத்தி வெடித்தது, மில் ஓடுகிறது, கோபுரம் நின்ற இடத்திலேயே நிற்கிறது என்று பார்த்து அவர்கள் தெம்பாக இருக்க வேண்டுமாம். நல்ல யோசனைதான்.

ஆனால் எந்த ஊரில் கேமராவை வைத்தாலும் ஊரே அதன் முன்னால் வந்து நிற்கும். மணியக்காரர் தன்னை எடுக்கச் சொல்வார். அவர் மைத்துனர் தன் மாட்டை எடுக்கச் சொல்வார். மாட்டேன் என்றால் ஏணி கிடைக்காது, மாடியில் ஏற விட மாட்டார்கள், குடிக்கத் தண்ணீர்கூட யோசித்துத்தான் வரும். இதற்கு எங்கள் கேமராமேன் ஒரு வழி வைத்திருந்தார். அவர் பெயர் வேண்டாம். பேரன் பேத்திகளெல்லாம் நல்ல நிலையில் இருக்கிறார்கள். சீனியர் என்றே வைத்துக்கொள்வோம். அவரிடம் இரண்டு கேமரா. இரண்டும் கடிகாரம் மாதிரி சாவி கொடுத்து ஓட்டுவது. ஒன்று நிஜமாகப் படம் எடுப்பது. மற்றொன்று உள்ளே ஒன்றுமே இல்லாத பழைய பெட்டி. ஸ்பிரிங் மட்டும் சர்ரென்று ஓடும். நிஜக் கேமராவுக்கு நாங்கள் வைத்த பெயர் மூலவர். வெறும் பெட்டி ஊர் ஜனங்களுக்கு நடுவில் சுற்றி வருவதால் அது உற்சவர்.

உற்சவரைத் தூக்கிச் சுமக்கும் பாக்கியம் எனக்குக் கிடைத்தது. காரணம், நான் ராஜபாளையத்துக்காரன். எங்கள் வீட்டில் தெலுங்கு, தெருவில் தமிழ். அந்தச் சுற்று வட்டாரத்தில் யாரிடம் எப்படிப் பேசிச் சிரிக்க வைக்க வேண்டும் என்பது எனக்கு அத்துப்படி. “நீ பேசினா நம்புறாங்கடா” என்று சீனியர் முதுகில் தட்டுவார். அதைப் பாராட்டு என்று நினைத்துப் பூரித்துப் போன வயசு அது.

முதல் அடி எனக்கு ஒரு நாயிடமிருந்து விழுந்தது. ராஜபாளையத்தில் ஒரு பஞ்சு வியாபாரி, தன் வெள்ளை வேட்டை நாயோடு தன்னைப் படம் பிடித்தே ஆக வேண்டும் என்றார். அவர் வீட்டு மாடியிலிருந்து மில் புகைபோக்கி நன்றாகத் தெரியும். அதனால் மறுக்க வழியில்லை. மேலே சீனியர் மூலவரோடு புகைபோக்கியை எடுத்துக்கொண்டிருக்க, கீழே முற்றத்தில் நான் உற்சவரோடு நின்றேன். வியாபாரி தலைப்பாகை, அங்கவஸ்திரம் சகிதம் நாய்ச் சங்கிலியை மணிக்கட்டில் மூன்று சுற்றுச் சுற்றிக்கொண்டு கம்பீரமாக நிமிர்ந்தார். அந்த நேரம் பார்த்து மதில்மேல் ஓர் அணில் ஓடிற்று.

நாய் பாய்ந்தது. வியாபாரியும் பாய்ந்தார், அவருக்கு வேறு வழி இல்லை. முற்றம், மாட்டுத் தொட்டி, காயப்போட்ட வடகம் எல்லாவற்றையும் கடந்து இருவரும் ஒன்றாகவே போனார்கள். “ராரா! ஒரேய், ராரா!” என்று அவர் தெலுங்கில் கத்துகிறார், நாய்க்கு அன்றைக்கு எந்தப் பாஷையும் கேட்கவில்லை. மாடிக் கைப்பிடியில் தொங்கியபடி சீனியர், “விடாதடா, ஓட்டு, ஓட்டு!” என்று கூவினார்.

“ஓடுது சார்!”

“எது ஓடுது?”

“உற்சவர் சார்!”

அவர் தலையில் கைவைத்துக்கொண்டு உட்கார்ந்தது இன்னும் கண்ணில் நிற்கிறது. யுத்த காலத்தில் நாங்கள் எடுத்திருக்கக்கூடிய காட்சிகளிலேயே உயிருள்ள காட்சி அதுதான். இதிலிருந்து ஒரு பாடம் கற்றேன்: எது எடுக்கத் தகுந்தது என்று முன்கூட்டியே முடிவு கட்டாதே. அதை நோட்டுப் புத்தகத்தில் எழுதியும் வைத்தேன். எழுதி வைத்தால் கற்றதாகிவிடுமா? அதே வாரம் மில்லுக்குள் போனோம்.

அது ஒரு கார்த்திகை மாசம். மில்லில் நூல் நூற்கும் கதிர்கள் ஓடுவதைச் சீனியர் மூலவரில் எடுத்து முடித்தார். ஷிப்ட் விட்டதும் ஆட்கள் வெளி முற்றத்தில் எங்களைச் சூழ்ந்துகொண்டார்கள். வழக்கம்போல உற்சவர் புறப்பட்டார். நான் வரிசையாக நிறுத்தி, ஆளுக்கு அஞ்சு விநாடி, பத்து விநாடி என்று ஓட்டிக்கொண்டிருந்தேன். கடைசியாக ஒரு பெண் வந்தாள். பெயர் எஸ்தர். சேத்தூர்க்காரி, மில்லில் நூல் சுற்றும் ரீலிங் பகுதியில் வேலை. இடுப்பில் நாலைந்து மாசக் குழந்தை, பெண் பிள்ளை.

“சார், இந்தப் படம் பட்டாளத்துல காட்டத்தான?”

“ஆமா.”

“எங்க வீட்டுக்காரவிய பட்டாளத்துலதான் இருக்காவ. போகும்போது இவ வயித்துல. இன்னும் மூஞ்சியவே பாக்கல. செத்த நேரம் எங்களையும் பிடிங்க சார்.”

நான் சீனியரைப் பார்த்தேன். அவர் புருவத்தால் உற்சவரைக் காட்டினார். பட்டாளத்துக்காரர்களுக்காக எடுக்கும் படம்; பட்டாளத்துக்காரன் மனைவி நிற்கிறாள். ஆனால் எங்களுக்குக் கொடுத்த காகிதத்தில் புகைபோக்கி, கதிர், பருத்தி வண்டி என்றுதான் இருந்தது. எஸ்தர் என்று இல்லை.

“அதுக்கென்ன, வாங்க. இப்படி வெளிச்சத்துக்கு வாங்க. பிள்ள மூஞ்சிய இங்கிட்டுத் திருப்புங்க. ஆங், அப்படித்தான்.” காலிப் பெட்டிக்கு முன்னால் நான் காட்டிய அக்கறையை நீங்கள் பார்த்திருக்க வேண்டும். குழந்தையின் கண்ணில் வெயில் படுகிறது என்று துணியைப் பிடிக்கச் சொன்னேன். சாவி முழுசாகத் தீரும்வரை ஓட்டினேன். எஸ்தர் நெற்றியைச் சுருக்கிக்கொண்டு பெட்டியையே பார்த்தாள். வெயில் கூசுகிறது என்று நினைத்தேன்.

“படத்துல கண்டிப்பா வருமா சார்? அவியளுக்கு எழுதலாமா?”

“வராமப் பொறவு? தாராளமா எழுதுங்க.”

இதைச் சொல்லும்படி சீனியர் எனக்குச் சொல்லவில்லை. மேலே இருந்தும் யாரும் சொல்லவில்லை. எனக்கே தோன்றி, சிரித்த முகத்தோடு, என் சொந்த ஊர்ப் பேச்சில் சொன்னேன். இன்றைக்கும் அந்த ஒரு வாக்கியத்தை நினைத்தால் கூசுகிறது.

அடுத்த ஆடியில் ஸ்ரீவில்லிபுத்தூர் ஆடிப்பூரத் தேரைப் படம் பிடிக்க என்னைத் தனியாகவே அனுப்பினார்கள். சீனியருக்கு வேறு ஊர் மாற்றல். மூலவர், உற்சவர் இரண்டையும் என்னிடம் ஒப்படைத்துவிட்டுப் போனார். எனக்கு நிலைகொள்ளவில்லை. முதல் முறையாக முழுப் பொறுப்பும் என்னுடையது. ஆபீஸ் உத்தரவு ஒரே வரி: தேர் நிலைக்கு வந்து சேர்வதோடு படம் முடிய வேண்டும்.

அந்தத் தேரைப் பற்றி ஆபீசுக்கு என்ன தெரியும்? அந்தக் காலத்தில் அது ஒரே நாளில் புறப்பட்டு அன்றைக்கே நிலைக்கு வந்துவிடும் தேர் இல்லை. பத்தடி நகரும்; பிறகு ஒரு முக்கில் போய் நின்றுகொள்ளும். சுந்தரபாண்டியத்துக்காரர்கள் ஒரு நாள் வடம் பிடிப்பார்கள், மகாராஜபுரத்துக்காரர்கள் மறுநாள் வந்து சேருவார்கள். பின்னால் தடி போட்டு நெம்புவார்கள். தேர் அசைந்தால் உண்டு, இல்லாவிட்டால் எல்லாரும் நீர்மோர் குடிப்பார்கள். இதோ வருகிறது, இதோ வருகிறது என்று நானும் ஓட்டி ஓட்டி, கையிலிருந்த சுருள்களெல்லாம் தீர்ந்து, கடைசியில் ஒரே ஒரு நூறடிச் சுருள் மிஞ்சியது. அதை மூலவரில் ஏற்றி வைத்துக்கொண்டு தேர் கடைசித் தெருவில் நின்ற இடத்தைப் பார்த்தபடி ஒரு சந்து முனையில் காத்திருந்தேன். இன்றைக்கு எப்படியும் நிலைக்கு வந்துவிடும் என்று ஊர் முழுக்கப் பேச்சு.

“சார், என்னத் தெரியுதா?”

எஸ்தர். இடுப்பில் அதே குழந்தை. பூப்போட்ட சட்டை, காலில் கொலுசு, வாயில் நாலு பல்.

“தேர் பாக்க வந்தீங்களா?” என்றேன். வேறு என்ன கேட்பது?

“நாங்க சர்ச்சுக்குப் போற வேதக்காரவ சார். தேர் பாக்க வரல. உங்களத்தான் பாக்க வந்தேன். படம் பிடிக்கிறவரு வந்திருக்காருன்னு மில்லுல சொன்னாவ. இன்னைக்கு லீவு போட்டுட்டு பஸ் ஏறி வாரேன்.”

ஜாக்கெட்டுக்குள்ளிருந்து ஒரு கடிதத்தை எடுத்து நீட்டினாள். அவள் கணவன் எழுதியது. படத்தில் வருவாய் என்று எழுதினாயே, கூட இருக்கிறவர்களிடமெல்லாம் சொல்லி முதல் வரிசையில் உட்கார்ந்தேன். மில் வந்தது, புகைபோக்கி வந்தது, நீ வரவில்லை. ஒருவேளை கண் தப்பியிருக்கும் என்று மூன்று தடவை பார்த்துவிட்டேன். நீ பொய் எழுதுகிறவள் இல்லை. அப்படியென்றால் எடுத்த பிறகு வேண்டாம் என்று வெட்டச் சொல்லியிருப்பார்கள். பிள்ளைக்கு என்ன ஆயிற்று? போய்விட்டதா? என்னிடம் மறைக்காதே. இப்படிப் போனது அந்தக் கடிதம்.

“பிள்ள செத்துப்போச்சுன்னே நெனைச்சுட்டாவ சார். சோறு எறங்கலையாம்.”

கடிதத்தை மடித்து அவளிடமே கொடுத்தேன். “கடைவீதியில ஸ்டூடியோ இருக்கு. இப்பவே போய் ஒரு போட்டோ எடுத்து அனுப்பிரலாம். நானே வாரேன்.”

“போட்டோவும் அனுப்பியாச்சு. அடுத்த வீட்டுப் பிள்ளைய உக்கார வச்சு எடுத்தியான்னு கேட்டு எழுதியிருக்காவ. அவிய அக்கா பிள்ள எறந்தப்போ வீட்டுல மூணு மாசம் அவியகிட்ட மறைச்சாவ. அதுலேர்ந்து யார் எழுதினாலும் நம்ப மாட்டாவ. எங்கூடச் சேர்ந்து இவ அசையுறத கண்ணால பாக்கணும். இப்ப நடக்கவும் ஆரம்பிச்சுட்டா சார். நாலஞ்சு எட்டு வைப்பா.”

தோளில் இரண்டு பக்கமும் இரண்டு கேமரா தொங்குகிறது. என் கை, சத்தியமாகச் சொல்கிறேன், பழக்க தோஷத்தில் உற்சவரின் பக்கம்தான் போயிற்று.

“அது வேண்டாம் சார்,” என்றாள் எஸ்தர். “அதுல ஒண்ணும் இல்ல.”

உற்சவரிலிருந்து கையை எடுத்தேன்.

“மில்லுக்குள்ள அந்தப் பெரியவரு பிடிச்சப்போ வந்த சத்தம் வேற. எங்களப் பிடிச்சப்போ வந்த சத்தம் வேற. நூல் ஏறின கதிருக்கும் வெறுங்கதிருக்கும் சத்தம் வித்தியாசம் தெரியாமலா நான் அங்க வேல பாக்கேன்? அன்னைக்கே சந்தேகம்தான். ஆனா நீங்க நம்ம ஊர்ப் பேச்சுல அம்புட்டுச் சிரிச்சுச் சொன்னிய. அதனால எழுதிட்டேன்.”

அவள் திட்டியிருந்தால் தாங்கியிருப்பேன். ஊரைக் கூட்டியிருந்தால்கூட ஓடித் தப்பித்திருப்பேன். சாதாரணமாகச் சொன்னாள். அடுத்து மூலவரைக் காட்டி, “இதையாவது தொறந்து காட்டுங்க. உள்ள இருக்கான்னு பாக்கணும்” என்றாள்.

இங்கேதான் தம்பிகளே, எங்கள் தொழிலின் கேலிக்கூத்து. நிஜமாக ஃபிலிம் இருக்கிற பெட்டியைத் திறந்து காட்ட முடியாது. திறந்தால் வெளிச்சம் பட்டு எல்லாம் பாழ். காலிப் பெட்டியைத்தான் தாராளமாகத் திறக்கலாம். இதை அவளிடம் விளக்க விளக்க, என் வாயிலிருந்து வரும் நிஜம், போன தடவை சொன்ன பொய்யைவிடப் பொய்யாகக் கேட்டது எனக்கே.

அவள் கொஞ்சம் யோசித்தாள். “சரி, தொறக்க வேண்டாம். ஓட்டுங்க. நான் கேட்டுக்கிடுதேன்.”

“ஓட்டுறேன். ஆனா ஒண்ணு சொல்லிடுறேன். படத்துல சேக்குறதும் விடுறதும் என் கையில இல்ல. அதுக்கு ஆபீசுல வேற ஆளு. வரும்னு இந்தத் தடவை சொல்ல மாட்டேன்.”

“பெட்டிக்குள்ள ஏறுறது உங்க கையிலதான இருக்கு?”

“இருக்கு.”

“அதச் செய்யுங்க.”

சந்துக்குள் நல்ல நிழல் வெளிச்சம். சாவி கொடுத்து மூலவரை ஓட்டினேன். எஸ்தர் லென்ஸைப் பார்க்கவில்லை. தலையைச் சாய்த்துக் காதைக் கொடுத்தாள். இரண்டு விநாடி, மூன்று விநாடி. “ம், ஏறியிருக்கு” என்று தனக்குள் சொல்லிக்கொண்டு, அதன் பிறகுதான் நிமிர்ந்து பார்த்துச் சிரித்தாள். குழந்தையைக் கீழே நிறுத்தி, இரண்டடி தள்ளிப் போய், “வா, வா” என்று கைதட்டினாள்.

குழந்தை நின்றது. சட்டையைத் தூக்கித் தன் வயிற்றைப் பார்த்தது. காக்காயைப் பார்த்தது. நடப்பதைத் தவிர மற்ற எல்லாம் செய்தது. முப்பத்தைந்து விநாடி ஓடி ஸ்பிரிங் நின்றுவிட்டது.

மறுபடி சாவி கொடுத்துக்கொண்டிருக்கும்போதே தெரு முனையில் கொட்டுச் சத்தம் கிளம்பியது. ஒரு பெரிய கூச்சல். தேர் நகர்ந்துவிட்டது. இத்தனை நாள் கல்லாக நின்றது, அந்த நிமிஷம்தான் கிளம்ப வேண்டுமா? ஜனங்கள் சந்து வழியாக எங்களை இடித்துக்கொண்டு ஓடினார்கள். பெட்டிக்குள் இன்னும் முப்பது விநாடி ஃபிலிம் இருக்கிறது. ஓடினால் தேர் நிலைக்கு வருவதைப் பிடித்துவிடலாம். என் முதல் தனி வேலை.

“போங்க சார்,” என்றாள் எஸ்தர். “தேர் வந்துட்டுல்லா. உங்க வேலையப் பாருங்க. எங்க மூஞ்சிதான் ஏறிட்டே, அது போதும்.” குழந்தையைத் தூக்கக் குனிந்தாள்.

அவள் போகச் சொல்லாமல் இருந்திருந்தால் ஒருவேளை போயிருப்பேன். என் மனசு அப்படி. போகச் சொன்னதும் கால் நகரவில்லை.

“தூக்காதீங்க. செத்த நேரம் இருங்க,” என்று சொல்லிவிட்டு, கேமராவைத் தரையோடு தரையாக வைத்து, நானும் குப்புறப் படுத்து, பொத்தானை அழுத்தினேன்.

சத்தம்தான் காரணம். அம்மாவின் கைதட்டலுக்கு வராத பிள்ளை, தரையில் கறகறவென்று ஓடும் பெட்டியைத் திரும்பிப் பார்த்தது. மில் முற்றத்துத் தொட்டிலில் வளர்ந்த பிள்ளை. ஓடுகிற சத்தம் அதற்குப் பழக்கம். ஓர் அடி வைத்தது. ஆடியது. இன்னொரு அடி. பின்னால் எஸ்தர் வாயைப் பொத்திக்கொண்டு நிற்கிறாள். அஞ்சு, ஆறு, ஏழு அடி வைத்து நேராக லென்ஸுக்கு வந்து, குனிந்து உற்றுப் பார்த்து, கையை நீட்டி அதன்மேல் வைத்தது. அப்போது பெட்டியில் ஏதோ ஏழெட்டு விநாடி மிச்சமிருந்தது. அதையும் ஓட விட்டேன்.

நான் தெருவுக்கு வந்தபோது தேர் நிலையில் நின்றுகொண்டிருந்தது. எல்லாரும் நீர்மோர் குடித்துக்கொண்டிருந்தார்கள்.

ஆபீசுக்கு அனுப்பும் ரிப்போர்ட்டில் என்ன எழுதுவது? ஸ்பிரிங் அறுந்துவிட்டது என்று எழுதலாம். கூட்டம் தள்ளிவிட்டது என்று எழுதலாம். பொய் சொல்லுவதில் எனக்கு நல்ல பயிற்சி இருந்தது. ஆனால் எஸ்தர் காதைச் சாய்த்துக் கேட்டுக்கொண்டிருப்பது போலவே இருந்தது. “கடைசிச் சுருள்: ஒரு பட்டாளத்துக்காரர் மனைவி, குழந்தை. தேர் நிலைக்கு வந்தது எடுக்கவில்லை” என்று எழுதினேன். கீழே அவள் கணவனின் பெயரையும் பட்டாள நம்பரையும் எழுதி, காரணத்தையும் மறைக்காமல் சொன்னேன்.

மெமோ வந்தது. ஆறு மாசம் கேமராவைத் தொடக் கூடாது, லென்ஸ் துடைக்கலாம் என்று உத்தரவு. துடைத்தேன். அந்த ஆறு மாசத்தில் உற்சவரின் ஸ்பிரிங்கைக் கழற்றி எடுத்துவிட்டு, ‘பழுது’ என்று சீட்டு ஒட்டி அலமாரியின் மேல்தட்டில் வைத்தேன். அதற்குப் பின் ஃபிலிம் இல்லையென்றால் இல்லை என்றுதான் சொன்னேன். சில ஊர்களில் ஏணி கிடைக்கவில்லை. தரையிலிருந்தே எடுத்தேன்.

ஆபீசில் படத்தை வெட்டி ஒட்டுகிறவரிடம் தேர் நிலைக்கு வரும் காட்சி இல்லை. படம் எப்படியாவது முடிந்தாக வேண்டும். கையில் இருந்த ஒரே முடிவு அந்தக் குழந்தைதான். முகம் சுளித்துக்கொண்டே அதை ஒட்டினார் என்று கேள்வி.

மறு வருஷம் ஆபீஸ் விலாசத்துக்கு எஸ்தரிடமிருந்து ஒரு கவர் வந்தது. உள்ளே அவள் எதுவும் எழுதவில்லை. கணவனுடைய கடிதத்தில் ஒரு தாளை மட்டும் அனுப்பியிருந்தாள். என் டிரங்குப் பெட்டியில் இன்னும் இருக்கிறது. அவர் எழுதியபடியே வாசிக்கிறேன்:

“படம் பாத்தேன். நீ என்னமோ காது குடுத்துக் கேட்டுக்கிட்டு நின்ன. பொறவு சிரிச்ச. பாப்பா வேற எங்கிட்டும் போகாம நேரா என்னப் பாத்தே நடந்து வந்தா. நான் எந்திரிச்சு நின்னு ரெண்டு கையையும் நீட்டிட்டேன். உக்காருலேன்னு பின்னால எல்லாவனும் கத்துதான். எனக்கு உக்காரத் தோணல. கடைசியில கைய வச்சு என் மூஞ்சியத் தொட்டுட்டா. அப்படியே திரை இருட்டாயிருச்சு. நேத்தைக்குச் சாப்பிட்டேன்.”